வெள்ளத்தைப் பிடித்து வறட்சிக்கு வைத்தவர்கள்

ஆடி மாதம். கூடலூரைத் தாண்டி, கம்பம் பள்ளத்தாக்கின் தெற்கு மூலையில் இருக்கும் லோயர்கேம்பில் நிற்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். காற்று சட்டையைப் பிடித்து இழுக்கிறது. தலைக்கு மேலே மேகம் ஓடுகிறது. ஆனால் ஒரு துளிகூட விழவில்லை. அங்கிருந்து குமுளி மலைப்பாதையில் பஸ் ஏறிப் போனால் சிறிது நேரத்தில் தேக்கடி. அங்கே குடை இல்லாமல் இறங்க முடியாது!

அதே நாள், அதே காற்று, அதே மேகம். மலைக்கு அந்தப் பக்கம் கொட்டுகிறது. இந்தப் பக்கம் காய்கிறது. ஏன்?

தென்மேற்குப் பருவக்காற்று அரபிக்கடலிலிருந்து ஈரத்தைச் சுமந்துகொண்டு வருகிறது. குறுக்கே மேற்குத் தொடர்ச்சி மலை நிற்கிறது. காற்று ஏறித்தான் கடக்க வேண்டும். மேலே போகப் போகக் காற்று குளிரும். குளிர்ந்தால் அதிலுள்ள நீராவி துளியாக மாறும். அதனால் பெரும்பாலான மழை கேரளப் பக்கத்திலேயே கொட்டித் தீர்ந்துவிடுகிறது. ஈரத்தை இழந்த காற்று நம் பக்கம் இறங்குகிறது. இறங்கும் காற்று சூடாகும்; மிச்சமிருக்கும் மேகமும் கலைந்துவிடும். இப்படி மலைக்குப் பின்னால் மழை கிடைக்காமல் போகும் நிலத்தை 'மழை மறைவுப் பகுதி' என்பார்கள். கம்பம், சின்னமனூர், போடி, தேனி, ஆண்டிபட்டி எல்லாம் இந்த மறைவில் இருக்கும் ஊர்கள்தாம்.

நமக்குப் பெரிய மழை ஐப்பசி, கார்த்திகையில்தான் வரும். அதுவும் மாதம் முழுக்கப் பொறுமையாகப் பெய்வதில்லை. சில நாட்கள் அடித்து ஊற்றிவிட்டுப் போய்விடும். மலைச்சரிவு செங்குத்தாக இருப்பதால் தண்ணீர் ஓட்டமாக இறங்கும். கொட்டகுடி ஆறும் வராக நதியும் சுருளியாறும் பொங்கும். சில வாரம் கழித்துப் போய்ப் பார்த்தால் மணலும் பாறையும்தான் கண்ணில் படும்.

ஆக, இந்த மண்ணில் ஆபத்து இரண்டு வகையில் வரும். ஒன்று தண்ணீர் அதிகமாகி வரும். இன்னொன்று தண்ணீர் இல்லாமல் வரும். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்னால் வைகைக் கரையில் வாழ்ந்தவர்கள் இரண்டையும் பார்த்தவர்கள். வானிலை அறிவிப்பு கிடையாது, செயற்கைக்கோள் கிடையாது, நிவாரண முகாம் கிடையாது. பிறகு எப்படிப் பிழைத்தார்கள்?

மணல் வைத்திருக்கும் கணக்கு

வருசநாட்டு மலையில் பிறக்கும் வைகை, தேனி மாவட்டத்தைக் கடந்து மதுரைக்குப் போகிறது. மதுரைக்குத் தென்கிழக்கே, சிவகங்கை மாவட்டத்தில் இருக்கிறது கீழடி. அங்கே நடக்கும் அகழாய்வு பற்றிப் பாடப் புத்தகத்தில் படித்திருப்பீர்கள். செங்கல் கட்டடங்கள், உறைகிணறுகள், எழுத்துப் பொறித்த பானை ஓடுகள் எல்லாம் கிடைத்த இடம். ஒரு குழியில் 353 சென்டிமீட்டர் ஆழத்தில் கிடைத்த கரித்துண்டு, கி.மு. 6-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது என்று கணக்கிட்டார்கள்.

அவ்வளவு பெரிய ஊர் எப்படி மண்ணுக்குள் போனது? கட்டடங்களை மூடியிருந்த மண்ணையே ஆராய்ந்தார்கள் விஞ்ஞானிகள். மெல்லிய மணல், வண்டல், களிமண் என்று அடுக்கடுக்காகப் படிந்திருந்தது. ஆற்று வெள்ளம் கரை தாண்டிப் பரவும்போதுதான் இப்படிப் படியும். சரி, எப்போது வந்த வெள்ளம்?

இதைக் கண்டுபிடிக்க ஓர் அருமையான வழி இருக்கிறது. மணலில் குவார்ட்ஸ் என்ற கனிமத் துகள்கள் உண்டு. அவற்றின் மேல் வெயில் பட்டால், உள்ளே சேர்ந்திருக்கும் ஆற்றல் வெளியேறிவிடும். கணக்கு பூஜ்யம் ஆகிவிடும். அதே துகள் மண்ணுக்கடியில் புதைந்து இருட்டுக்குப் போனதும், சுற்றியுள்ள மண்ணிலிருந்து வரும் மெல்லிய இயற்கைக் கதிர்வீச்சு அதில் மறுபடியும் ஆற்றலைச் சேர்க்கத் தொடங்கும். தீர்ந்துபோன செல்போன் பேட்டரியைச் சார்ஜில் போட்ட மாதிரிதான். ஆனால் இந்தச் சார்ஜ் ஏற நூற்றாண்டுகள் ஆகும்.

ஆய்வாளர்கள் வெளிச்சம் படாமல் குழாயை மண்ணில் செருகி மாதிரி எடுப்பார்கள். இருட்டான ஆய்வுக்கூடத்தில் அந்தத் துகள் மீது குறிப்பிட்ட நிற ஒளியைப் பாய்ச்சினால், அது சேர்த்து வைத்த ஆற்றலை மினுக்கிக் காட்டிவிடும். எவ்வளவு மினுக்குகிறதோ அவ்வளவு காலம் புதைந்திருந்தது என்று அர்த்தம். ஆமதாபாத்தில் உள்ள இயற்பியல் ஆராய்ச்சிக்கூடமும் தமிழ்நாடு தொல்லியல் துறையும் இந்த முறையைக் கீழடியில் பயன்படுத்தின. ஏறத்தாழ 1,150 ஆண்டுகளுக்கு முன்னால் வைகை வெள்ளம் கொண்டுவந்த மண் அந்தக் கட்டடங்களை மூடியது என்று தெரிந்தது.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். இந்தக் கணக்கு மண் வந்த காலத்தைச் சொல்கிறது. மக்கள் ஊரைவிட்டுப் போன காலத்தைச் சொல்லவில்லை. ஊர் காலியாகிப் பல காலம் கழித்தும் வெள்ளம் வந்து மூடியிருக்கலாம். ஒரு சான்று எதைச் சொல்கிறது, எதைச் சொல்லவில்லை என்று பிரித்துப் பார்ப்பதும் அறிவியல்தான்.

மழை பொய்த்த கதை

வெள்ளம் மண்ணில் தடம் வைத்துவிட்டுப் போகும். வறட்சி? அது மனிதர்களின் நினைவில் தங்கும். இறையனார் களவியலுக்கு எழுதப்பட்ட பழைய உரையில் ஒரு செய்தி வருகிறது. பாண்டிய நாட்டில் பன்னிரண்டு ஆண்டு மழை இல்லை. சோறு போட வழியில்லாத அரசன், புலவர்களை அழைத்து, "வேறு நாடுகளுக்குப் போய்ப் பிழைத்துக்கொள்ளுங்கள், நாடு செழித்ததும் திரும்பி வாருங்கள்" என்று அனுப்பிவிடுகிறான். பிறகு மழை பெய்கிறது. ஆள் அனுப்பி எல்லோரையும் தேடுகிறான். எழுத்தும் சொல்லும் யாப்பும் தெரிந்தவர்கள் கிடைத்துவிட்டார்கள்; பொருளதிகாரம் தெரிந்தவர்கள் மட்டும் கிடைக்கவில்லையாம்.

பன்னிரண்டு என்ற எண்ணை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டியதில்லை. ஆனால் பஞ்சம் வந்தால் என்ன நடக்கும் என்பதை அந்தக் கதை சொன்னவர்கள் நன்றாக அறிந்திருக்கிறார்கள். மக்கள் சிதறுவார்கள். சிதறும்போது உயிர் மட்டுமல்ல, அறிவும் தொலையும். மழை திரும்பி வந்தாலும் போன அறிவு தானாகத் திரும்பாது.

மனித நினைவுக்கு எட்டாத வறட்சியைக்கூட இயற்கை எழுதி வைத்திருக்கிறது. மேகாலயாவில் மாம்லூ என்ற சுண்ணாம்புக் குகை இருக்கிறது. அதன் தரையில் சொட்டுச் சொட்டாக விழுந்த நீரிலிருந்து சுண்ணாம்புக் கற்கள் அடுக்கடுக்காக வளர்ந்திருக்கின்றன. ஒவ்வொரு அடுக்கிலும் உள்ள ஆக்ஸிஜன் அணுக்களின் வகைகளை அளந்தால், அந்தக் காலத்தில் பருவமழை வலுவாக இருந்ததா, நலிந்திருந்ததா என்று தெரியும். சுமார் 4,200 ஆண்டுகளுக்கு முன் மழை வெகுவாகக் குறைந்தது என்று அந்தக் கல் காட்டியது. பூமியின் வரலாற்றில் அன்று தொடங்கி இன்று வரை உள்ள காலத்துக்கு 'மேகாலயன் காலம்' என்று 2018-இல் பெயரே வைத்துவிட்டார்கள்!

அதற்குப் பிந்தைய நூற்றாண்டுகளில் சிந்துவெளியின் பெரிய நகரங்கள் தேய்ந்தன. மக்கள் என்ன ஆனார்கள்? எல்லோரும் மாண்டுவிடவில்லை. பலர் சிறு கிராமங்களாகப் பிரிந்து கிழக்கே நகர்ந்தார்கள். அதிகத் தண்ணீர் கேட்காத தானியங்களைக் கூடுதலாக விதைத்தார்கள். நகரம் போனது, வாழ்க்கை வடிவம் மாறித் தொடர்ந்தது.

வயல் நடக்காது, மாடு நடக்கும்

நம் ஊருக்கு வருவோம். ஆண்டிபட்டி பக்கத்தில், வைகைக் கரையில் புலிமான்கோம்பை என்றொரு சிற்றூர். 2006-இல் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அங்கே நடுகற்களைக் கண்டுபிடித்தார்கள். தமிழி எழுத்தில் பொறித்த கற்கள். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கும் பழையவை. அவற்றில் ஒரு கல், மாடுகளைக் கவர்ந்த சண்டையில் இறந்த ஒருவருக்காக நட்டது.

அந்தக் கல் பஞ்சத்தைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் மாட்டுக்காக உயிரைக் கொடுக்கும் அளவுக்கு மாடு பெரிய சொத்தாக இருந்தது என்று சொல்கிறது. ஏன் என்று யோசியுங்கள். மழை இல்லையென்றால் வயல் இருந்த இடத்திலேயே காயும். மாடு அப்படியில்லை, புல் இருக்கும் இடத்துக்கு ஓட்டிப் போகலாம். தேனி மலைமாடுகளை மலையில் மேய்ப்பதும், அறுவடை முடிந்த வயலில் கிடை போடுவதும் அண்மைக் காலம் வரை வழக்கம்.

வயலிலும் ஒரே பயிரை நம்பவில்லை. ஆற்றுப் பாசனம் இருந்த இடத்தில் நெல். மேட்டு நிலத்தில் மானாவாரியாகச் சோளம், கம்பு, சாமை, குதிரைவாலி. நெல் பொய்த்தாலும் குதிரைவாலி கைகொடுக்கும். விளைந்ததை மண்ணால் செய்த குலுக்கையில் கொட்டி, வாயை மூடிப் பூசிவிடுவார்கள். காற்றும் ஈரமும் புகாததால் பூச்சி அண்டாது. அதில் அடுத்த ஆண்டுக்கான விதைத் தானியமும் இருக்கும். பசித்தாலும் விதையைத் தொடமாட்டார்கள். விதை போனால் மழை வந்தும் பயனில்லை அல்லவா?

கண்மாய் எப்படி வேலை செய்கிறது?

இவையெல்லாம் வறட்சியைத் தாங்கும் வழிகள். வெள்ளத்தை என்ன செய்வது? இங்கேதான் நம் முன்னோர்களின் மூளை மின்னுகிறது. வெள்ளத்தையே பிடித்து வறட்சிக்கு வைத்துவிட்டார்கள்!

புறநானூற்றின் 18-ஆம் பாட்டில் குடபுலவியனார் என்ற புலவர், பாண்டியன் நெடுஞ்செழியனுக்கு அறிவுரை சொல்கிறார். மறுமை இன்பமோ, வெற்றியோ, புகழோ எது வேண்டுமானாலும், பள்ளமான இடங்களில் நீரைத் தேக்கு என்பது அதன் கருத்து. போரில் வென்ற அரசனிடம் போய்க் குளம் வெட்டச் சொல்வதற்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும்!

அப்படி நீரைத் தேக்கும் ஏரிதான் கண்மாய். தேனி நகரிலேயே மீறுசமுத்திரம் கண்மாய் இருக்கிறது, பார்த்திருப்பீர்கள். ஒரு கண்மாயின் உறுப்புகளைத் தெரிந்துகொண்டால் எல்லாக் கண்மாயும் புரியும். மலையிலிருந்து தண்ணீர் வரும் வழி வரத்துக்கால். நிலம் சரியும் பக்கத்தில் வளைவாகப் போட்ட மண் மேடு கரை. வயலுக்கு நீர் விடும் வாய் மடை. மிஞ்சிய நீர் வெளியேறும் இடம் கலிங்கு.

கலிங்கைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பாருங்கள். கரையைவிடத் தாழ்வாக, கல்லால் கட்டியிருக்கும். கண்மாய் நிரம்பினால் நீர் கரைமேல் ஏறாமல் இதன் வழியாக இறங்கிவிடும். மண் கரைமேல் தண்ணீர் வழிந்தால் சில மணி நேரத்தில் அரித்துத் தின்றுவிடும். கல்லை அவ்வளவு எளிதில் அரிக்க முடியாது. பழைய கலிங்குகளில் வரிசையாகக் குத்துக்கற்கள் நட்டிருப்பதையும் காணலாம். மழைக்காலத் தொடக்கத்தில் கற்களுக்கு நடுவே இடைவெளியைத் திறந்து விடுவார்கள். வெள்ளம் வந்தால் போகட்டும் என்று. மழை முடியும் நேரத்தில் அந்த இடைவெளிகளை மண்ணும் புல்லும் வைத்து அடைப்பார்கள். இப்போது கண்மாயில் இன்னும் கொஞ்சம் உயரத்துக்கு நீர் நிற்கும். ஒரே கலிங்கு, முதலில் வெள்ளத்திலிருந்து காக்கிறது. பிறகு வறட்சிக்குச் சேர்க்கிறது.

இன்னொரு அதிசயம் குமிழி. பாண்டிய நாட்டுப் பழைய கண்மாய்களுக்குள்ளே, கரையிலிருந்து தள்ளி, இரண்டு கல் தூண்கள் நிற்பதைப் பார்க்கலாம். அவற்றுக்குக் கீழே ஒரு கல் தொட்டி. மேலே ஒரு பெரிய துளை, அது நீரோடி. தொட்டியின் அடியில் சிறு துளைகள், அவை சேறோடி. நீரோடியின் அடைப்பைத் தூக்கினால் மேலிருந்து தெளிந்த நீர் தொட்டிக்குள் பாயும். அதே வேகத்தில் அடித்துளைகள் வழியாகச் சேறும் இழுபடும். இரண்டும் கலந்து, கரைக்கு அடியில் போகும் கால்வாய் வழியாக வயலுக்குப் போய்விடும். கண்மாய் தூர்ந்துபோவது குறைகிறது; வயலுக்கு வண்டல் உரமும் கிடைக்கிறது.

ஒரு கண்மாய் நிரம்பினால் அதன் கலிங்கு நீர் அடுத்த ஊர்க் கண்மாய்க்குப் போகும். அதுவும் நிரம்பினால் அதற்கடுத்த ஊர். மலையிலிருந்து ஓட்டமாக வந்த வெள்ளத்தை ஊர் ஊராக நிறுத்தி, வேகத்தை உடைத்து, நடக்க வைத்துவிட்டார்கள். அங்கங்கே நிற்கும் நீர் மண்ணுக்குள் இறங்கிக் கிணறுகளையும் ஊற வைத்தது.

வந்தியின் பங்கு

கட்டினால் போதுமா? கரை உடைந்தால்? பிட்டுக்கு மண் சுமந்த கதை உங்களுக்குத் தெரியும். வைகையில் வெள்ளம் வந்து கரை உடைகிறது. வீட்டுக்கு ஓர் ஆள் வந்து தன் பங்குக் கரையை அடைக்க வேண்டும் என்று அரசன் உத்தரவு. பிட்டு விற்கும் வந்திக் கிழவிக்கு ஆள் இல்லை. சிவபெருமானே கூலியாளாக வந்து, உதிர்ந்த பிட்டைக் கூலியாக வாங்கிக்கொண்டு, வேலை செய்யாமல் ஆடிப்பாடி அரசனிடம் பிரம்படி வாங்கினார் என்று திருவிளையாடற் கதை சொல்கிறது. மதுரையில் ஆவணி மூலத் திருவிழாவில் இதை இன்றும் நடத்திக் காட்டுகிறார்கள்.

கடவுள் வந்தார் என்பது பக்தி. அதற்குள்ளே ஒரு வரலாற்றுச் செய்தியும் இருக்கிறது. கரையை அளந்து வீட்டுக்கு ஒரு பங்கு என்று பிரித்திருக்கிறார்கள். தனியாக வாழும் ஏழைக் கிழவிக்கும் ஒரு பங்கு உண்டு. ஏனென்றால் ஒருவர் பங்கு அடைபடாமல் இருந்தாலும் ஊரே முழுகும். இப்படி ஊர் கூடிக் கண்மாயையும் வரத்துக்காலையும் பராமரிப்பதற்குக் குடிமராமத்து என்று பெயர். கோடையில் தூர் வாருவது, கரைக்கு மண் போடுவது, மடையைச் சரி பார்ப்பது எல்லாம் அதில் சேரும்.

இது நின்றுபோனால்?

பிற்காலத்தில் அதுவும் நடந்தது. ஆங்கிலேயர் ஆட்சியில் குடிமராமத்து தளர்ந்தது. 1858-இல் அதற்காக மதராஸ் மாகாணத்தில் சட்டமே போட வேண்டி வந்தது. 1876-இல் பருவமழை பொய்த்தது. அடுத்த ஆண்டு பசிபிக் பெருங்கடலில் எல் நினோ மிக வலுவாக இருந்தது. அதாவது, அங்கே கடல் நீர் வழக்கத்தைவிடச் சூடாகி, உலகின் மழைப்போக்கையே கலைத்துவிட்டது. தாது வருஷப் பஞ்சம் என்று நம் தாத்தாக்களின் தாத்தாக்கள் சொன்னது இதைத்தான். தென்னிந்தியாவில் லட்சக்கணக்கானோர் இறந்தார்கள். மழை இல்லாதது மட்டும் காரணமல்ல. பசித்தவர்கள் கையில் காசில்லை. ஊரில் இருந்த தானியமும் விலை கிடைத்த இடத்துக்கு ரயிலேறிப் போனது. மழை பொய்ப்பது இயற்கை. பட்டினியாக அதை மாற்றுவது பெரும்பாலும் மனிதர்கள்தாம்.

அந்தப் பஞ்சத்துக்குப் பிறகுதான் ஒரு பழைய யோசனை வேகம் பிடித்தது. மேற்கே ஓடிக் கடலில் கலக்கும் பெரியாற்றைத் தடுத்து, கிழக்கே திருப்பினால் என்ன? இராமநாதபுரம் சமஸ்தானத்தின் பிரதானி முத்திருளப்ப பிள்ளை 18-ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே இதை நினைத்தார், பணம் போதவில்லை. 1887-இல் பொறியாளர் ஜான் பென்னிகுயிக் தலைமையில் வேலை தொடங்கியது. கட்டியதை வெள்ளம் அடித்துப்போனது. மலேரியா தொழிலாளர்களை வாரிக்கொண்டு போனது. சுண்ணாம்பும் செங்கல் தூளான சுர்க்கியும் கலந்து கட்டிய பெரியாற்று அணை, 1895 அக்டோபர் 10-இல் திறக்கப்பட்டது. ஒரு மைலுக்கும் நீளமான சுரங்கம் மலையைத் துளைத்துத் தண்ணீரை நம் பக்கம் இறக்குகிறது.

மலைக்கு அந்தப் பக்கத்து மழை, இந்தப் பக்கத்து வறட்சிக்கு மருந்தானது. கண்மாய் வெட்டியவர்களின் அதே யோசனைதான். அளவு மட்டும் பெரியது. இன்று லோயர்கேம்ப் முதல் பழனிசெட்டிபட்டி வரை 14,707 ஏக்கரில் இரண்டு போகம் நெல் விளைகிறது. பென்னிகுயிக் பிறந்த ஜனவரி 15-இல் ஊர் ஊராகப் பொங்கல் வைக்கிறார்கள்.

ஆனால் அணை வந்ததால் கண்மாய் வேண்டாம் என்று ஆகிவிடாது. அணைக்குத் தண்ணீர் ஓரிடத்திலிருந்து வருகிறது; கண்மாய்க்கு ஊரைச் சுற்றிப் பெய்யும் ஒவ்வொரு மழையும் வருகிறது. வரத்துக்காலில் குப்பையைக் கொட்டி அடைத்துவிட்டால், அடுத்த ஐப்பசியில் அந்தத் தண்ணீர் வீட்டுக்குள் வரும். சித்திரையில் கிணறு வற்றும். ஒரே தவறுக்கு இரண்டு தண்டனை!

செய்து பாருங்கள்

1. ஒரு கண்ணாடிப் பாட்டிலில் கால் பங்கு ஆற்று மணலும் தோட்டத்து மண்ணும் போடுங்கள். முக்கால் பங்கு வரை தண்ணீர் ஊற்றி, மூடி, நன்றாகக் குலுக்கி வையுங்கள். கனமான மணல் உடனே அடியில் தங்கும், அதன்மேல் வண்டல், களிமண் படிய ஒரு நாள்கூட ஆகலாம். வேகமான நீர்தான் மணலைச் சுமக்கும். நின்ற நீரில்தான் களிமண் படியும். அகழாய்வுக் குழியின் சுவரில் விஞ்ஞானிகள் வெள்ளத்தைப் படிப்பது இப்படித்தான்.

2. பெரியவர் ஒருவரைத் துணைக்கு அழைத்துக்கொண்டு உங்கள் ஊர்க் கண்மாய்க் கரைக்குப் போங்கள்; தண்ணீரில் இறங்கக் கூடாது. வரத்துக்கால், கரை, மடை, கலிங்கு நான்கையும் கண்டுபிடித்து ஒரு தாளில் வரையுங்கள். கலிங்கு நீர் அடுத்து எந்த ஊருக்குப் போகிறது? வரத்துக்கால் எங்கேயாவது அடைபட்டிருக்கிறதா? விடை தெரியாவிட்டால் விவசாயம் பார்க்கும் தாத்தா பாட்டியைக் கேளுங்கள். வரைபடத்தை வகுப்பில் ஒட்டி வையுங்கள். அடைப்பு இருந்தால், ஆசிரியர் துணையோடு ஊராட்சிக்கோ நகராட்சிக்கோ ஒரு மனு எழுதுங்கள். அதுதான் உங்கள் பங்குக் கரை.